கூடை முடைகிறவரின் பெயர்

அன்புள்ள ஐயா,

ஊசி மருந்து தயாரிக்கும் ஆலை ஒன்றில் கியூஏ என்கிற தர உறுதிப் பிரிவில் இருக்கிறேன். ஒவ்வொரு தொகுதி மருந்தையும் யார், எப்போது, எப்படிச் செய்தார் என்று எழுதிவைக்கும் பேட்ச் ரெக்கார்டுகளைப் போன வருடம் காகிதத்திலிருந்து கணினிக்கு மாற்றினார்கள். மென்பொருள் ஒரு ஜெர்மன் நிறுவனத்துடையது. பெயரில் ஓ எழுத்தின் தலைமேல் இரண்டு புள்ளிகள். பயிற்சி கொடுத்தவர் ‘கோர்பர்’ என்றார். ஜெர்மனியிலிருந்து வந்தவர் சொன்னது ‘கெர்பா’ மாதிரி கேட்டது. தமிழில் எப்படி எழுதுவது? அதற்கு அர்த்தம் உண்டா, இல்லை சோப்புக்கு வைப்பதுபோல வைத்த பெயரா? வேலைக்கு உதவும் என்று ஜெர்மன் படிக்கலாமா?

ஒரு நிம்மதி. இனி யாரும் பொய்யாக எழுத முடியாது, எல்லாவற்றையும் மென்பொருளே பார்த்துக்கொள்ளும். இரவு ஷிஃப்டில் மட்டும் லாக்-அவுட் செய்து லாக்-இன் செய்ய நேரமாகிறது என்பதால் ஒருவருடைய ஐடியிலேயே எல்லாரும் வேலை பார்க்கிறோம். மற்றபடி பிரச்சினை இல்லை.

க.

அன்புள்ள க.,

உங்கள் காது சரியாகத்தான் கேட்டிருக்கிறது. ‘ஒ’ சொல்வதுபோல உதட்டைக் குவித்துக்கொண்டு ‘எ’ என்று சொல்லிப் பாருங்கள், அந்த ஒலி வந்துவிடும். கடைசி ‘ர்’ அவர்கள் வாயில் கரைந்து ‘ஆ’ ஆகிவிடும். பழைய கையெழுத்தில் ஓ-வின் தலைமேல் குட்டியாக ஒரு ‘e’ எழுத்து போடுவார்கள். அது தேய்ந்து தேய்ந்து இரண்டு புள்ளியானது. கவிஞர் கதேயின் பெயரில் அந்த எழுத்து இன்னும் ஓ-வின் பக்கத்திலேயே முழுசாக உட்கார்ந்திருக்கிறது. தமிழில் கோர்பர் என்றே எழுதுங்கள், போதும். ஜெர்மன் படிப்பது உங்கள் இஷ்டம். வேலைக்காக என்று ஆரம்பித்தால் மூன்றாம் மாதம் விட்டுவிடுவீர்கள்.

சோப்புப் பெயர் என்று எழுதியதற்கு மட்டும் கொஞ்சம் கோபப்படுகிறேன். கோர்ப் என்றால் கூடை. கோர்பர், கூடை முடைகிறவர். ஜெர்மானியக் குடும்பப் பெயர்களில் பாதி தெரு இப்படித்தான் இருக்கும்: ம்யூலர் மாவு அரைக்கிறவர், ஷ்மிட் கொல்லர், வேபர் நெசவாளர், ஷூமாக்கர் செருப்பு தைக்கிறவர். காரோட்டி உலகப் புகழ் பெற்ற ஷூமாக்கரின் பாட்டன் பூட்டன்களில் யாரோ ஒருவர் தோலும் ஊசியுமாக உட்கார்ந்திருந்திருக்க வேண்டும். கூடையைப் பற்றி அவர்களிடம் ஒரு வழக்கு உண்டு. பெண் கேட்டு வந்தவனை வேண்டாம் என்று திருப்பி அனுப்புவதை ‘கூடை கொடுப்பது’ என்பார்கள். பேட்சை நிராகரிக்கிற உங்கள் பிரிவுக்குப் பொருத்தமான பெயர்தான்.

உங்கள் கோர்பர், குர்ட் கோர்பர் என்ற மனிதரின் பெயர். 1909இல் பெர்லினில் பிறந்த பொறியாளர். டிரெஸ்டனில் சிகரெட் இயந்திரம் செய்யும் ஆலையில் மேலே வந்தவர். போர்க்காலத்தில் ஆயுத உற்பத்திக்குத் திரும்பிய அந்த ஆலை, கட்டாய உழைப்பாளிகளை வைத்து வேலை வாங்கியது. 1946இல் அவர் ஹாம்புர்க்கின் பெர்கெடோர்ஃப் பகுதியில் ஹவுனி என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். அதுவும் சிகரெட் இயந்திரம்தான். 1959இல் ஓர் அறக்கட்டளை வைத்தார். 1992இல் அவர் இறந்தபோது சொத்து முழுதும் அதற்குப் போனது, இன்றும் நிறுவனத்தின் உரிமை அந்த அறக்கட்டளையிடம்தான். பள்ளிப் பிள்ளைகளைத் தங்கள் ஊரின் வரலாற்றைத் தோண்டவைக்கும் போட்டியொன்றை அது 1973 முதல் நடத்திவருகிறது. டிரெஸ்டனை நினைத்துக்கொண்டு இதைப் படித்தால் வேறு மாதிரி இருக்கும். லூனபுர்க் நகரத்தில் வேரும் என்றொரு மென்பொருள் நிறுவனம் இருந்தது. 2014இல் கோர்பர் அதை வாங்கி, பிறகு தன் பெயரையே வைத்துவிட்டது. பாஸ்-எக்ஸ் என்ற பேட்ச் மென்பொருள் அங்கே பிறந்ததுதான். சிகரெட் இயந்திரம் விற்ற காசு மருந்துக் கம்பெனிகளின் ஒழுங்கைக் காக்க வந்திருக்கிறது. இதைப் பற்றித் தனியாக எழுத வேண்டும், இன்றைக்கு வேண்டாம்.

இன்றைக்கு உங்கள் கடைசிப் பத்தியைத் தாண்டி என்னால் போக முடியவில்லை.

கூடை முடைகிறவரைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்திருக்கிறீர்களா? அடி முடையாமல் பக்கம் எழும்பாது. நடுவில் ஒரு சிம்பு விட்டுப்போனால் பிறகு செருகிச் சரிக்கட்ட முடியாது, பிரித்துத்தான் ஆக வேண்டும். நல்ல பேட்ச் மென்பொருளும் அப்படித்தான் வேலை செய்கிறது. தராசு தானே எடையை அனுப்பும். ஒரு படி முடியாமல் அடுத்த படி திரையில் திறக்காது. இதெல்லாம் அருமை. ஆனால் முடைவது யார் கை என்பது தெரியாவிட்டால் அத்தனையும் வீண்.

நான் பட்டம் வாங்கிய கையோடு ஒரு சின்ன மாத்திரை ஆலையில் இரண்டு வருடம் இருந்தேன். எண்பதுகளின் நடுப்பகுதி. வைட்டமின் சி மாத்திரைக்குக் காற்றின் ஈரப்பதம் ஆகாது. மாத்திரை அழுத்தும் கம்ப்ரஷன் அறைச் சுவரில் இரண்டு தெர்மாமீட்டர் மாட்டிய பலகை இருக்கும். ஒன்றின் குமிழில் ஈரத்திரி. இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தை வைத்து அட்டவணையில் ஈரப்பதம் பார்த்து, இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை எழுத வேண்டும். ஒருநாள் மாலை போய்ப் பார்த்தால் திரி காய்ந்து விறைத்துக் கிடக்கிறது. கிண்ணத்தில் சொட்டுத் தண்ணீர் இல்லை. இரண்டு தெர்மாமீட்டரும் ஒரே எண்ணைக் காட்டுகின்றன. அட்டவணைப்படி அந்த அறையில் ஈரப்பதம் நூறு சதவீதம்! எத்தனை நாளாக அப்படி என்று யாருக்கும் தெரியாது. மூன்று நாளுக்கான கட்டங்கள் காலியாக இருந்தன, மறுநாள் இன்ஸ்பெக்டர் வருகிறார்.

சூப்பர்வைசர் என்னைக் கூப்பிட்டு மூன்று பேனாக்களைக் கொடுத்தார். “ஒரே பேனாவில எழுதாதீங்க தம்பி, ஒரே மாதிரி தெரியும்.” உட்கார்ந்து எழுதினேன். 42, 44, 43. இயல்பாக இருக்கட்டும் என்று 44ஐ அங்கங்கே இரண்டு தடவை போட்டேன். இரவு நேரக் கட்டங்களில் கையெழுத்தைக் கொஞ்சம் தூக்கக் கலக்கமாகக்கூட எழுதினேன். அந்தக் கெட்டிக்காரத்தனம் இன்றும் கூசுகிறது. ‘சரிபார்த்தவர்’ கட்டத்தில் எனக்கு முன்பே ஒருவர் கையெழுத்துப் போட்டு வைத்திருந்தார், காலிக் கட்டங்களைச் சரிபார்த்து! ‘செய்தவர்’ என்ற இடத்தில் நான் போட்டேன். பேட்ச் போய்விட்டது. யாருக்கும் ஒன்றும் ஆனதாகக் கேள்விப்படவில்லை. அப்புறம் பல வருடம் மருந்துக் கடையில் எந்தப் பட்டையை வாங்கினாலும் திருப்பிப் பேட்ச் எண்ணைப் பார்ப்பேன். எதற்கு என்று என் மனைவிக்குக்கூடச் சொன்னதில்லை.

இப்போது சென்சார் இருக்கிறது, திரியும் தண்ணீரும் வேண்டாம் என்பீர்கள். சரி. ஆனால் என்னுடைய பொய்யில் ஒரு நேர்மை இருந்தது க., கீழே என் பெயர் இருந்தது. யாராவது கேட்டிருந்தால் நான் மாட்டியிருப்பேன். உங்கள் இரவு ஷிஃப்டில் நாலு பேர் செய்ததற்கெல்லாம் ஒருவர் பெயர் விழுகிறது. அவர் சாப்பிடப் போயிருந்தபோது மூடிய வால்வும் அவர் மூடியதாகத்தான் பதிவாகியிருக்கும், நிமிடம் நொடியோடு. அந்த நேரம் நிஜம், பெயர் பொய். என் மூன்று பேனாக்கள் செய்ததைவிட இது சுத்தமான வேலை. இதைப் ‘பிரச்சினை இல்லை’ என்று எழுத எப்படி மனசு வந்தது?

அமெரிக்காவின் மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்டிஏ, மின்னணுப் பதிவுகளுக்காக 1997இல் கொண்டுவந்த பாகம் 11 விதியை உங்களுக்கும் பயிற்சியில் ஓட்டிக் காட்டியிருப்பார்கள். மின்னணுக் கையெழுத்தில் மூன்று விஷயம் தெரிய வேண்டும் என்கிறது அது. போட்டவர் பெயர், போட்ட நாளும் நேரமும், அப்புறம் எதற்காகப் போட்டார் என்பது: பார்வையிட்டதற்கா, ஒப்புதலுக்கா, பொறுப்பேற்பதற்கா. ஒருவருடைய கையெழுத்தை இன்னொருவர் எடுத்து ஆளக் கூடாது என்றும் சொல்கிறது. விதி வந்த புதிதில், மின்னணுக் கையெழுத்து பயன்படுத்தப் போகிற கம்பெனி, ‘இது எங்கள் கைக் கையெழுத்துக்குச் சமம், எங்களைக் கட்டுப்படுத்தும்’ என்று காகிதத்தில் மையால் கையெழுத்திட்டு அனுப்ப வேண்டியிருந்தது. படித்தபோது சிரித்தேன். இப்போது அவர்கள் பயந்தது சரி என்று படுகிறது.

பாஸ்வேர்டைப் பகிர்ந்துகொள்வது உங்கள் ஆலையில் மட்டும் நடப்பதல்ல, தெரியும். இந்திய ஆலைகளுக்கு எஃப்டிஏ அனுப்பிய எச்சரிக்கைக் கடிதங்களில் திரும்பத் திரும்ப வருகிற வாசகம் அது. எல்லாரும் செய்கிறார்கள் என்றுதான் அந்த சூப்பர்வைசரும் சொன்னார். அவர் கெட்டவர் இல்லை. என் கல்யாணத்துக்கு வந்து முன்வரிசையில் உட்கார்ந்து சாப்பிட்டவர்.

நீங்களும் நல்ல பெண்தான். இல்லாவிட்டால் கூடைக்காரரின் பெயரைத் தமிழில் எப்படி எழுதுவது என்று ஒரு எழுத்தாளனுக்கு மெனக்கெட்டுக் கடிதம் போட மாட்டீர்கள். முன்பின் தெரியாத ஒருவர் பெயரைச் சரியாக எழுத இவ்வளவு கவலைப்படுகிறீர்களே, பக்கத்தில் நிற்பவர் பெயருக்கும் கொஞ்சம் கவலைப்படுங்கள்.

இன்றிரவு ஷிஃப்ட் உங்களுடையதா? போனதும் அந்தத் திரையில் இருப்பவரை வெளியேற்றிவிட்டு உங்கள் பெயரில் உள்ளே போங்கள். நேரமாகும் என்கிறீர்கள். ஆகட்டும்.

அன்புடன்