நான்காம் அடியில் தாளம் இடிக்கிறதா?

கேள்வி: ஏப்ரல் மாதத் தமிழ்மொழி விழாவுக்காக, குறுந்தொகை 40ஆம் பாட்டுக்கு (‘யாயும் ஞாயும்’) ஆதி தாளத்தில் மெட்டமைத்துச் சமூக மன்றத்தில் பயிற்சி செய்கிறோம். நான்காம் அடி மட்டும் தாளத்தில் நிற்கவில்லை. ஒரு சொல் சேர்க்கலாமா?
– வாசகி, ஈசூன்

பதில்: வேண்டவே வேண்டாம். இது நேரிசை ஆசிரியப்பா என்ற பாவகை. கடைசிக்கு முந்தைய அடி (ஐந்தடிப் பாட்டில் நான்காவது) மூன்று சீரோடுதான், அதாவது மூன்று துண்டுகளோடுதான், வரும். மற்ற அடிகளில் நான்கு சீர். இந்தப் பாட்டில் எல்லாமே ஈரசைச் சீர், அதாவது இரண்டு அசை (ஒலித்துண்டு) கொண்ட சீர், என்பது உங்கள் அதிர்ஷ்டம். அசைக்கு ஓர் எண்ணிக்கை கொடுத்தால் எட்டு அசையில் ஆதி தாளத்தின் ஓர் ஆவர்த்தனம் (ஒரு முழுச் சுற்று) முடியும். நிரையசை (இரண்டு உயிரொலி சேர்ந்த அசை) வந்தால் அந்த எண்ணிக்கையை இரண்டாகப் பிரியுங்கள்: ‘எந்தையும்’ என்பதில் ‘எந்’ ஒன்று, ‘தை’ அரை, ‘யும்’ அரை.

நான்காம் அடியான ‘செம்புலப் பெயனீர் போல’ ஆறு அசை. மிச்சம் இரண்டு எண்ணிக்கை. ‘போ’வை ஏழு வரை இழுத்து, எட்டில் ‘ல’வைத் தொட்டு விடலாம். ‘ல’வை இழுத்தால் ‘போலா’ என்று கேட்கும். குறிலை நீட்டுவதில் வரும் வழக்கமான கோளாறு இது. அதைவிட, ஆறோடு நிறுத்தி மீதியைப் புல்லாங்குழலுக்கு விடுவதே எனக்குப் பிடிக்கும்.

அச்சில் ‘யாரா கியரோ’, ‘தாங்கலந் தனவே’ என்று சீர் பிரித்திருப்பார்கள். அது யாப்புக்காக; சொற்கள் ‘யார் ஆகியரோ’, ‘தாம் கலந்தனவே’. பாடுபவர் அங்கே மூச்சு வாங்கினால் ‘தனவே’ அநாதையாகிவிடும். ‘நெஞ்சம்’ முடிந்ததும் வாங்கட்டும்.

இன்னொன்று, நீங்கள் கேட்காதது. ‘செம்புல’ அடி அழகாக இருக்கிறதே என்று பல்லவியாக்கிவிடாதீர்கள். முதல் மூன்று அடிகளும் கேள்விகள். உவமை அவற்றுக்குப் பிறகு வந்தால்தான் எடுபடும். முதலடியே பல்லவியாக இருக்கட்டும்.

கேள்வி: இன்றைய சிங்கப்பூர்க் கவிஞர் ஒருவரின் புதுக்கவிதையைப் பாடலாக்க அனுமதி தேவையா?
– வாசகர், ஜூரோங்

பதில்: தேவை. இங்கே காப்புரிமை, எழுதியவரின் ஆயுளோடு மேலும் 70 ஆண்டுகள். மெட்டமைக்க, மேடையில் பாட, இணையத்தில் ஏற்ற என்று தனித்தனியாகக் குறிப்பிட்டு எழுத்தில் வாங்குங்கள். வரியைத் திருப்பிப் பாடுவதையும் சொல்லை வெட்டுவதையும் அதிலேயே கேட்டுவிடுங்கள். சண்டை பெரும்பாலும் அங்கேதான் வரும். கவிதையை அவரையே ஒருமுறை வாசிக்கச் சொல்லிப் பதிவு செய்துகொண்டால், எந்தச் சொல்லில் அழுத்தம் விழுகிறது என்பது மெட்டமைப்பவருக்குத் தெரியும்.