ஸ்பெயினில் ப்ளூஸ் பாடுகிற, கூடவே நடிக்கவும் எழுதவும் செய்கிற கலைஞர் யாராவது இருக்கிறார்களா?

இருக்கிறார். லெயோனோர் வாட்லிங். 1975இல் மாட்ரிட்டில் பிறந்தவர். அப்பா ஸ்பானியர், அம்மா ஆங்கிலேயர்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அமெரிக்கக் கறுப்பினத்தவரிடம் பிறந்த மிசிசிப்பி பக்கத்து ப்ளூஸ் இசை மாதிரி தொண்டை கிழியப் பாடுவார் என்று எதிர்பார்க்காதீர்கள். அவருடைய மார்லாங்கோ குழு பாடுவது ப்ளூஸும் ஜாஸும் பாப்பும் கலந்த ஒன்று. பியானோ, ட்ரம்பெட், நடுவில் அவருடைய தாழ்ந்த குரல், அவ்வளவுதான். அசல் காரம் வேண்டுமென்றால் செவியா நகரத்துக் கிதார் கலைஞர் ராய்முந்தோ அமதோரைத் தேடுங்கள். ஸ்பெயினின் தெற்கத்திப் பாரம்பரிய இசையான ஃப்ளமெங்கோவின் வேகமான புலேரியா தாளத்தையும் ப்ளூஸையும் ஒரே கிதாரில் கொண்டுவந்தவர். 1987இல் அவரும் சகோதரர் ரஃபாயேலும் பாத்தா நேக்ரா என்ற பெயரில் போட்ட 'ப்ளூஸ் தே லா ஃப்ரொந்தேரா' இன்றைக்கும் சலிக்காது. 1995இல் வந்த ராய்முந்தோவின் தனி ஆல்பத்தில் அமெரிக்க ப்ளூஸ் மேதை பி.பி. கிங்கே வாசித்திருக்கிறார். ஆனால் நீங்கள் கேட்ட மூன்றும் ஒருவரிடமே வேண்டுமென்றால் வாட்லிங்தான்.

சின்ன வயதில் அவர் ஆசைப்பட்டது பாலே நடனத்துக்கு. முழங்கால் காயத்தால் அது நின்றுபோய், நடிக்க வந்தார். 1998இல் வந்த 'லா ஓரா தே லோஸ் வாலியெந்தெஸ்' படத்தில் பலர் கண்ணிலும் பட்டார். ஸ்பெயின் உள்நாட்டுப் போர் நேரத்தில் மாட்ரிட்டின் பிராதோ அருங்காட்சியகத்தின் ஓவியங்களை அப்புறப்படுத்தும்போது ஓவியர் கோயாவின் சுயஉருவப்படம் ஒன்று விட்டுப்போகிறது, அது ஒரு காவலாளி கையில் கிடைக்கிறது என்பது கதை. இதற்காக அவருக்கு ஸ்பெயினின் பெரிய சினிமா விருதான கோயா விருதுக்குப் பரிந்துரையும் கிடைத்தது. கோயா படத்துக்குக் கோயா பரிந்துரை, பொருத்தம்தான்.

வெளிநாட்டுக்காரர்களுக்கு அவரைத் தெரிவது 2002இல் வந்த, ஸ்பானிய இயக்குநர் அல்மோதோவாரின் 'டாக் டு ஹெர்' மூலம். அதில் அவர் அலிசியா, விபத்தில் கோமாவுக்குப் போன நடன மாணவி. படத்தின் பெரும்பகுதி கண்ணை மூடிப் படுத்திருக்கிறார். ஹாவியேர் காமரா நடித்த ஆண் செவிலியர் அவர் கை கால்களைத் தேய்த்துவிடுகிறார், முடி வெட்டிவிடுகிறார், முந்தைய நாள் பார்த்த நடன நிகழ்ச்சியைப் பற்றி ஓயாமல் பேசுகிறார். வாட்லிங் செய்ய வேண்டியது ஒன்றும் செய்யாமல் இருப்பது மட்டும். கேட்க சுலபமாக இருக்கிறது. ஆனால் அந்த முகத்தில் கொஞ்சம் நடிப்பு தெரிந்துவிட்டாலும் படம் கவிழ்ந்துவிடும்; உயிரே இல்லாமல் கிடந்தாலும் கவிழ்ந்துவிடும். நிஜத்தில் நடனத்தை விட்டுவர நேர்ந்தவருக்கே இந்த வேடம் வந்ததைத்தான் நான் அடிக்கடி நினைத்துக்கொள்வேன். அதே வருடம் வந்த நகைச்சுவைப் படம் ஒன்றில், பதிப்பகத்தில் வேலை பார்த்துக்கொண்டு எழுத்தாளராக ஆசைப்படும், எதிலும் தன்னம்பிக்கை இல்லாத பெண்ணாக வருகிறார். வாயை மூடவே மாட்டார். அதற்கும் ஒரு கோயா பரிந்துரை.

மார்லாங்கோவின் முதல் ஆல்பம் 2004இல் வந்தது. பேர் வாங்கிய நடிகை பாட வந்தால் 'சரி, இன்னொரு பொழுதுபோக்கு' என்றுதான் யாருக்கும் தோன்றும். ஆனால் பியானோக்காரர் அலெஹாந்த்ரோ பெலாயோவோடு அவர் பாட ஆரம்பித்தது ஆல்பம் வருவதற்குச் சில ஆண்டுகள் முன்பே. ட்ரம்பெட்டுக்கு ஓஸ்கார் இபார்ரா. தன் பெயரைப் போட்டு விற்றிருக்கலாம், செய்யவில்லை. குழுவின் பெயரில்தான் வந்தார். பாட்டிலும் அதே அடக்கம்தான். குரலை உயர்த்தி அசத்த வேண்டிய இடத்தில் இன்னும் தணிக்கிறார். சிலருக்கு இது சப்பென்று இருக்கும். எனக்குப் பிடித்ததே அதுதான், கோமாவில் படுத்திருந்த அலிசியாவை வைத்துப் பார்த்தால் புரியும்.

அப்புறம் எழுத்து. நாவலாசிரியர் என்று நினைத்துவிட வேண்டாம், அவர் எழுதுவது பாட்டு வரிகள். முதல் ஆல்பங்களில் பெரும்பாலும் ஆங்கிலத்தில்தான் எழுதினார். அம்மாவின் மொழி என்பதால் செயற்கையாக ஒட்டவைத்தது போல இல்லை. 2012இல் வந்த 'உன் தியா எக்ஸ்த்ராஓர்தினாரியோ' முழுக்க ஸ்பானிஷ். ப்ளூஸ் வாடை அதில் குறைந்துவிட்டது என்பது என் கட்சி. ஆனால் வரிகளைக் கவனித்துக் கேட்கிறவர்களுக்கு அதுதான் பிடிக்கும்.

நடிப்பையும் விடவில்லை. 2020இல் 'நஸ்த்ரோவியா' தொடரில், வழக்கறிஞர் தொழில் அலுத்துப்போய் மாட்ரிட்டில் ரஷ்ய உணவகம் திறந்து மாஃபியாவிடம் மாட்டிக்கொள்கிறவராக வருகிறார். நல்ல சிரிப்பு.

எங்கே தொடங்கலாம் என்றால், முதலில் 'டாக் டு ஹெர்' பாருங்கள். பிறகு 2005இல் வந்த 'ஆட்டோமேட்டிக் இம்பர்ஃபெக்‌ஷன்' ஆல்பத்தைக் கேளுங்கள். ஹெட்போனில் கேட்பது உத்தமம், பஸ் இரைச்சலில் அந்தக் குரல் காணாமல் போய்விடும்.