நீல மக்னோலியா விதை வாங்கலாமா?

கேள்வி: முகநூலில் நீல மக்னோலியா விதை விற்கிறார்கள். டைனோசர் காலத்து மரம், முன்பணம் போட்டால் தபாலில் வரும் என்கிறார்கள். எங்கள் வளவில் வளருமா? – முள்ளியவளை வாசகி

பதில்: டைனோசர் கதை உண்மைதான். மக்னோலியா குடும்பத்தின் புதைபடிவங்கள் 9 கோடி ஆண்டுகளுக்கும் முந்தியவை. தேனீக்கள் பெருகுவதற்கு முன்பே பூத்த இனம் என்பதால், இன்றும் அதற்கு மகரந்தம் காவுவது பெரும்பாலும் வண்டுகளே.

நீலம்தான் பொய். வெள்ளை, இளஞ்சிவப்பு, ஊதா, மஞ்சள் உண்டு, நீலம் கிடையாது. கணினியில் நிறம் மாற்றிய படத்துக்கா காசு கொடுப்பது? மக்னோலியா விதையில் எண்ணெய்ப்பசை அதிகம், காய்ந்தால் முளைக்காது. பைக்கற்றில் உலர்ந்து வருவதை நம்பவே வேண்டாம். இலை உதிர்த்துப் பூக்கும் சீன வகைகளுக்குக் குளிர்காலமும் வேண்டும். வன்னி வெயிலில் அதற்கு எங்கே போவது?

சரி, ஆசையை ஏன் விடவேண்டும்? நம் சண்பகமும் மக்னோலியாதான். ஒட்டுக்கன்றாக வாங்குங்கள், இரண்டு மூன்று வருடத்தில் பூக்கும். விதைக்கன்று என்றால் ஏழெட்டு வருடம்கூடப் பிடிக்கும். விலை வித்தியாசமும் அதற்குத்தான், ஆகவே ஒட்டுப் போட்ட இடத்தைக் கண்ணால் பார்த்தே வாங்குங்கள். பைக்குள் வேர் சுருண்டு கிடந்தால் வேறு கன்று கேளுங்கள்.

ஐப்பசியில் மழை பிடித்ததும் நடுங்கள். தண்ணீர் தேங்கும் பள்ளம் ஆகாது. கச்சான் காற்று நேரே அடிக்காத பக்கம் நல்லது. குழிக்கு மக்கிய மாட்டெரு போடுங்கள். பையில் இருந்த ஆழத்துக்கு மேல் புதைக்க வேண்டாம். இதன் வேர் சதைப்பிடிப்பானது, மேலாகவே ஓடும். அடியில் மண்வெட்டி போட்டால் கெட்டுவிடும். கொத்துவதற்குப் பதில் சருகும் பொச்சும் பரப்புங்கள், தண்டில் முட்டாமல். வைகாசி முதல் ஆவணி வரை தண்ணீர் விடாமல் இருந்தால் இளங்கன்று தப்பாது. முதல் வருடம் கிடுகு நிழலும் கட்டுங்கள். நட்டபின் இடம் மாற்றும் எண்ணமே வேண்டாம்.

அப்புறம், பற்றுச்சீட்டு. கேட்டால் வியாபாரி கொடுத்தே ஆகவேண்டும் என்பது 2003ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க நுகர்வோர் அலுவல்கள் அதிகாரசபைச் சட்டம். அதில் ‘ஒட்டுச் சண்பகம்’ என்றே எழுதி வாங்குங்கள். ஏமாற்றினால் நுகர்வோர் அலுவல்கள் அதிகாரசபைக்கு 1977 என்ற தொலைபேசி இலக்கத்தில் அழைத்து முறையிடலாம். கையில் சீட்டு இருந்தால் பேச்சு எடுபடும்.