ஒளிரும் வாசல்கள் – கடிதம்

அன்புள்ள ஐயா,

மிகைபுனைவு நாவல் ஒன்று எழுதிக்கொண்டிருக்கிறேன். காலங்களுக்கும் வேறு உலகங்களுக்கும் இடையே ஒளிரும் வாசல்கள் திடீர் திடீரென்று திறக்கின்றன. நீல நிறத்தில் சுழலும் வட்டங்கள். கதாநாயகி ஒன்றில் நுழைந்து ஆயிரம் ஆண்டுக்கு முந்தைய அரண்மனைக்குப் போய்விடுகிறாள். படித்துப் பார்த்த நண்பர், “அது ஏன் ஒளிர்கிறது? அறிவியலில் இதற்கெல்லாம் இடமே இல்லையே” என்றார். எனக்குப் பதில் தெரியவில்லை. கற்பனைக் கதைக்கு விளக்கம் அவசியம்தானா?

எம்.

அன்புள்ள எம்.,

இடம் இருக்கிறது, கதவுதான் திறக்க மறுக்கிறது. 1935-ல் ஐன்ஸ்டைனும் நாதன் ரோசனும் ஈர்ப்பை விளக்கும் பொதுச் சார்பியல் கோட்பாட்டின் சமன்பாடுகளுக்குள்ளேயே இரண்டு வெளிகளை இணைக்கும் பாலத்தைக் கண்டார்கள். ஒளிகூடக் கடப்பதற்குள் அது இற்றுப்போகும் என்று 1962-ல் ஃபுல்லர், வீலர் என்ற இயற்பியலாளர்கள் காட்டினார்கள். அதைத் திறந்தே வைத்திருக்க எதிர்மறை ஆற்றல் கொண்ட பொருள் வேண்டும் என்பது 1988-ல் மாரிஸ், கிப் தார்ன் என்ற இயற்பியலாளர்கள் போட்ட கணக்கு. அப்படிப்பட்ட பொருளுக்கு எங்கே போவது? நண்பரிடம் இவ்வளவு சொன்னால் போதும். நாவலில் ஒரு வரிகூட வேண்டாம்.

வாசகருக்கு விளக்கம் தேவையில்லை, விளைவு தேவை. பாகவத புராணத்தில் ககுத்மி என்ற அரசன் தன் மகள் ரேவதியை அழைத்துக்கொண்டு மாப்பிள்ளை விஷயமாகப் பிரம்மலோகம் போகிறான். அங்கே பாட்டு முடியும்வரை காத்திருக்கிறான். அதற்குள் பூமியில் 27 சதுர்யுகம் ஓடிவிட்டது. எப்படி என்று புராணம் மெனக்கெடவில்லை. அவன் மனதில் வைத்திருந்த மாப்பிள்ளைகளும் அவர்களுடைய வம்சமும் இல்லாமல் போனதைச் சொல்கிறது. நமக்குப் பகீர் என்கிறது.

ஆனால் “ஏன் ஒளிர்கிறது” என்ற கேள்வியை விட்டுவிடாதீர்கள். நீலச் சுழல் எல்லோரும் எழுதுவது, அதற்கு ஒரு வேலையும் இல்லை. வாசல் என்றால் மறுபக்கம் தெரியவேண்டும். இங்கே நள்ளிரவு, அங்கே உச்சிவெயில் என்றால் அந்த வெயில்தான் இங்கே வந்து விழும். மரங்களுக்கு நடுராத்திரியில் நிழல் முளைக்கும். விட்டில்கள் வந்து மொய்க்கும், மொய்த்ததில் பாதி அந்தப் பக்கம் போய்விடும். அதே வாசல் இங்கே பகலாகவும் அங்கே இரவாகவும் இருக்கும்போது கன்னங்கரேலென்று நிற்கும். உங்கள் நாவலில் ஒரு வாசல்கூடக் கறுப்பாக இல்லை!

வட்டமும் சரியில்லை. தாளில் துளையிட்டால் வட்டம். முப்பரிமாண வெளியில் துளையிட்டால் உருண்டை. எந்தத் திசையிலிருந்து போனாலும் நுழையலாம், பின்புறம் என்று ஒன்று கிடையாது. உங்கள் நாவலில் வாசலின் பின்னால் ஒளிந்துகொள்ளும் காவலனை வேறெங்காவது ஒளித்துவையுங்கள்.

ஒளி வந்தால் காற்றும் வரும். வாசலின் ஒரு வாய் கடலோரத்தில், மறு வாய் 3,000 மீட்டர் மலையில் என்று வைத்துக்கொள்வோம். மேலே காற்றழுத்தம் ஏறக்குறைய 30 விழுக்காடு குறைவு. அப்படியென்றால் ஒவ்வொரு சதுர மீட்டருக்கும் சுமார் மூன்று டன் எடைக்குச் சமமான தள்ளல். உங்கள் கதாநாயகி தயங்கித் தயங்கிக் கால்வைக்க முடியாது, அவளைத் தூக்கி எறிந்துவிடும். சருகு, மணல், பறவை எல்லாம் அவளுக்கு முன்பே போயிருக்கும். மலைப்பக்கம் ஈரக்காற்று விரிந்து குளிர்ந்து மூடுபனியாகக் கொட்டும். மலையில் இருப்பவர்கள் ஒளியைப் பார்ப்பதற்கு முன் இரைச்சலைக் கேட்டிருப்பார்கள். எனக்கு இந்தக் காட்சியைப் படிக்க ஆசையாக இருக்கிறது.

காலம்தான் பெரிய சிக்கல். பூமி சூரியனைச் சுற்றி நொடிக்குச் சுமார் 30 கிலோமீட்டர் ஓடுகிறது. ஏழே நிமிடத்தில் தன் விட்டத்தின் அளவுக்கு நகர்ந்துவிடும். நேற்றைய “இதே இடம்” வெறும் வெட்டவெளி. ஆகவே வாசலின் இரண்டு வாய்களும் பூமியோடு கட்டுண்டு கூடவே வந்தாகவேண்டும். தார்ன் குழுவின் கணக்கில் ஒரு வாயை ஒளிவேகத்துக்கு நெருக்கமாக ஓட்டித் திருப்பிக் கொண்டுவருகிறார்கள். அந்த வாய்க்குக் காலம் குறைவாகக் கழிந்திருக்கும், அந்த வித்தியாசம்தான் கடந்த காலத்துக்கு வழி. இதில் ஒரு கறார் விதி: வாசல் உண்டாவதற்கு முந்தைய நாளுக்குப் போக முடியாது.

அப்படியானால் உங்கள் நாயகி நுழையும் வாசலை ஆயிரம் ஆண்டுக்கு முன்பே யாரோ செய்துவைத்திருக்கிறார்கள். அது யார், யாருக்காகச் செய்தார்கள் என்பது நீங்கள் எழுதியதில் இல்லை. அதை முடிவுசெய்துவிட்டு முதல் அத்தியாயத்தைத் திருப்பி எழுதுங்கள். காவலன் அதற்குப் பிறகும் தேவைப்பட்டால் வைத்துக்கொள்ளலாம்.