மாடி டேங்க் தண்ணீரில் பிரஷர் வாஷர்: பூஸ்டர் பம்ப் தேவையா?

கேள்வி: கார் கழுவ 1,800 வாட் பிரஷர் வாஷர் வாங்கினோம். மொட்டைமாடி டேங்கிலிருந்து இறங்கும் போர்டிகோ குழாயில் மாட்டினால் தண்ணீர் விட்டு விட்டு அடிக்கிறது, மெஷினும் உறுமுகிறது. டேங்க் லைனில் பூஸ்டர் பம்ப் போடச் சொல்கிறார் கடைக்காரர். போடலாமா?

பதில்: அவசரப்பட வேண்டாம். பிரஷரை உண்டாக்குவது மெஷினின் வேலை. குழாய் தர வேண்டியது போதுமான தண்ணீர் மட்டும்தான். டேங்கின் 10 மீட்டர் உயரத்துக்கு ஒரு ‘பார்’ (அழுத்தத்தின் அலகு) என்பது கணக்கு. ஒரு மாடி வீட்டுக் குழாயில் அரை பார் இருந்தாலே பெரிது. அளவு குறையாமல் வந்தால் அதுவே போதும்.

எனவே முதலில் அளந்து பாருங்கள். இந்த ரக மெஷின்கள் நிமிடத்துக்கு 6 முதல் 8 லிட்டர் வரை இழுக்கும்; உங்களுடையது எவ்வளவு என்பது லேபிளில் இருக்கும். மெஷினுக்குப் போகும் ஹோஸின் முனையைக் கழற்றி 10 லிட்டர் வாளியில் விடுங்கள். குழாயடியில் பிடித்து அளந்தால் பயனில்லை. ஒரு நிமிடத்துக்குள் வாளி நிரம்பினால் தண்ணீர் தாராளம். ஒன்றரை நிமிடம் ஆனால் பற்றாது.

பற்றாக்குறைக்குக் காரணம் பெரும்பாலும் டேங்க் இல்லை. நீளமான அரை இஞ்ச் ஹோஸ், முழுதாகத் திறக்காத வால்வு, மெஷினின் வாயில் மண் அடைத்த வலை ஆகியவைதான். தண்ணீர் போதாதபோது பம்ப் உறிஞ்ச ஆரம்பிக்கும். சாதாரண தோட்டத்து ஹோஸ் சப்பையாகிவிடும். தளர்ந்த இணைப்பு வழியே காற்றும் உள்ளே போகும். வெளியே ஒரு சொட்டுகூட ஒழுகாது, அதனால் கண்ணுக்குத் தெரியாது. அந்தக் காற்றுதான் உறுமலுக்கும் விட்டு விட்டு அடிப்பதற்கும் காரணம். அப்படியே ஓட்டினால் பம்பின் சீலும் வால்வும் தேயும். தண்ணீரில்லாமல் ஓட்டிய பழுது பொதுவாக வாரண்டியில் வராது.

நூல் பின்னிய முக்கால் இஞ்ச் ஹோஸை முடிந்தவரை குட்டையாக வாங்கி, கிளிப் போட்டு இறுக்குங்கள். மோட்டாரைப் போடாமல் குழாயை முழுதாகத் திறந்து, தண்ணீர் பீய்ச்சும் ‘கன்’னின் விசையை அழுத்திப் பிடியுங்கள். குமிழி நின்று சீராக வந்த பிறகே சுவிட்ச். இரண்டு மூன்று நிமிடத்துக்கு மேல் விசையை விட்டு வைப்பதானால் மெஷினை அணைத்துவிடுங்கள்.

இதற்குப் பிறகும் போதவில்லையென்றால் 200 லிட்டர் டிரம் ஒன்று போதும், பூஸ்டரைவிட மலிவு. அடியிலிருந்து நான்கு விரற்கடை மேலே வால்வு வைத்து, மெஷினைவிட உயரமான மேடையில் நிறுத்துங்கள். நிமிடத்துக்கு 7 லிட்டர் இழுத்தாலும் 25 நிமிடத்துக்கு மேல் தாங்கும், அதற்குள் குழாயும் மெதுவாக நிரப்பிக்கொண்டே இருக்கும். சம்ப்பில் நேராக ஹோஸை விடுவது வீண்; வீட்டு மெஷின்கள் அவ்வளவு ஆழத்திலிருந்து உறிஞ்சத் திணறும்.

கேள்வி: எங்கள் வீட்டிலும் டேங்க் தண்ணீர்தான். புதிதாக வாங்கும்போது எதைப் பார்ப்பது?

பதில்: பெட்டியில் பெரிதாக அச்சிட்டிருக்கும் ‘மேக்ஸிமம் பார்’ எண்ணை விடுங்கள். ‘ரேட்டட்’ (வழக்கமாக ஓடும்போது தரும்) பிரஷரையும் நிமிட லிட்டரையும் பாருங்கள். ‘செல்ஃப் சக்‌ஷன்’ (தானே தண்ணீரை உறிஞ்சிக்கொள்ளும்) என்று எழுதியிருக்க வேண்டும். வலையும் ஒருவழி வால்வும் உள்ள உறிஞ்சு ஹோஸ் கூடவே வருகிறதா, தனி விலையா என்று பில் போடும் முன் கேளுங்கள்.