இரட்டைப் பௌர்ணமி ஒவ்வொரு அறுவடைக்கும் வருமா?

கேள்வி: நான் எழுதும் மாயக்கதையில் உலகத்துக்கு இரண்டு நிலவுகள். வருடத்துக்கு 400 நாள். பெரிய நிலவு 33 நாளுக்கு ஒருமுறை முழுதாகத் தெரியும், சின்ன நிலவு 14 நாளுக்கு ஒருமுறை. இரண்டும் சேர்ந்து பௌர்ணமியாகும் இரவில், ஒவ்வொரு வருடமும் அறுவடைத் திருவிழா. முதல் திருவிழாவில் நாயகிக்கு ஒன்பது வயது. படித்துப் பார்த்த தோழி, "இது கணக்குக்கு ஒத்துவராதே" என்கிறாள். எட்டு அத்தியாயம் முடித்துவிட்டேன். எல்லாவற்றையும் மாற்ற வேண்டுமா?

பதில்: வேண்டாம். "ஒவ்வொரு வருடமும்" என்ற இரண்டு சொல்லை எடுத்துவிடுங்கள், கதை பிழைத்துக்கொள்ளும். தோழி சொன்னது சரிதான்.

33-க்கும் 14-க்கும் பள்ளிக்கூடத்து மீச்சிறு பொது மடங்கு போட்டுப் பாருங்கள், 462 வரும். இன்று இரண்டு நிலவும் சேர்ந்து நிறைந்தால், அப்படியே மறுபடி நிறைய 462 நாள் ஆகும். உங்கள் வருடமோ 400 நாள். அடுத்த அறுவடை முடிந்து 62 நாள் கழித்துத்தான் அந்த இரவு வரும். அதே தேதியில் அச்சு அசலாக வர வேண்டுமானால் 231 வருடம் காத்திருக்க வேண்டும்.

இதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. நம் நிலவும் வருடத்தோடு ஒத்துப்போவதில்லை. பௌர்ணமிக்குப் பௌர்ணமி சராசரியாக 29.53 நாள், பன்னிரண்டு சேர்த்தால் 354 சொச்சம், வருடத்துக்குச் சுமார் 11 நாள் குறைகிறது. இஸ்லாமிய நாள்காட்டி அதை அப்படியே ஓடவிடுகிறது, மாதங்கள் 33 வருடத்தில் எல்லாப் பருவத்தையும் சுற்றி வருகின்றன. யூத நாள்காட்டியும் சீன நாள்காட்டியும் 19 வருடத்துக்கு ஏழு அதிக மாதம் சேர்த்து இழுத்துப் பிடிக்கின்றன. 19 வருடமும் 235 நிலவு மாதமும் இரண்டு மணி நேர வித்தியாசத்தில் பொருந்திவிடும். மனிதர்கள் கண்ணால் பார்த்தே கண்டுபிடித்த பொருத்தம் அது. உங்கள் உலகத்து மக்களுக்கும் கண் இருக்கிறது அல்லவா?

சரி, இப்போது உங்கள் கணக்கு. பெரிய நிலவுக்குப் பன்னிரண்டு சுற்று 396 நாள். ஆகவே அறுவடைப் பௌர்ணமி வருடத்துக்கு நான்கு நாள் முன்னே நகரும். அப்புறம், வெறுங்கண்ணுக்கு நிலவு ஒரே ஓர் இரவு மட்டும் முழுதாகத் தெரிவதில்லை. முதல் நாளும் மறுநாளும்கூட ஊரார் முழுநிலவு என்றே சொல்வார்கள். இந்தத் தாராளத்தைச் சேர்த்துக்கொண்டு பாருங்கள். முதல் திருவிழாவிலிருந்து மூன்றாம் வருடம், 1188-ஆம் நாள் பெரியது நிறைகிறது, 1190-ஆம் நாள் சின்னது. நடுவில் 1189-ஆம் இரவு இரண்டும் முழுதாகவே தெரியும். நான்காம் வருடம் 1582-இல் சின்னது, 1584-இல் பெரியது, திருவிழா 1583-இல். ஏழாம் வருடம் 2772-ஆம் நாள் இரண்டும் ஒரே இரவில், துல்லியமாக. தேதி 28 நாள் முன்னே வந்திருக்கும், அவ்வளவுதான். அறுவடை என்ன ஒரே நாளிலா முடிகிறது?

ஆக, உங்கள் நாயகிக்கு ஒன்பது வயதில் ஒரு திருவிழா, பன்னிரண்டில், பதின்மூன்றில், பிறகு பதினாறில். இடையில் வெறும் அறுவடைகள். ஐந்தாம் வருடம் காத்திருந்து ஏமாந்த ஒரு கிழவனை எழுதலாம். வருடா வருடம் தவறாமல் வரும் திருவிழாவில் அவனுக்கு இடமேயில்லை.

அந்த நான்கு நாள் நகர்வைச் சரிக்கட்டவும் வழி உண்டு: பெரிய நிலவின் ஒரு சுற்றை ஒரு மாதமாக வைத்து, எட்டாம் வருடம் ஒரு பதின்மூன்றாம் மாதத்தைச் செருகினால் 97 மாதம் 3201 நாள், எட்டு வருடம் 3200 நாள். பெரிய நிலவு பழைய இடத்துக்கு வந்துவிடும். சின்னதின் வரிசை குலையும், ஆனால் அது உங்கள் கதைக்கு வெளியே.

இதைச் சொல்லியே ஆக வேண்டும்: தயவுசெய்து யாரிடமும் காசு கொடுத்து நாள்காட்டி வாங்காதீர்கள். புதிதாக எழுதுபவர்களைக் குறிவைத்து "உங்கள் உலகத்துக்கு முழு நாள்காட்டி" விற்பவர்கள் பெருகிவிட்டார்கள். பக்கத்துக்கு இவ்வளவு என்று கட்டணம். கையில் கிடைப்பது என்ன? பன்னிரண்டு கட்டம், கட்டத்துக்கு முப்பது நாள், வாயில் நுழையாத பன்னிரண்டு பெயர், ஓரத்தில் கொடிப்பூ. நிலவு எங்கே என்று கேட்டால் "அது தனித் தொகுப்பு" என்பார்கள். போட்டி நடத்துபவர்களும் இதற்கு உடந்தை. நான் நடுவராக இருந்த ஒரு போட்டியில் கால அட்டவணைப் பின்னிணைப்பு கட்டாயம் என்று விண்ணப்பத்தில் போட்டிருந்தார்கள். வந்த பின்னிணைப்புகளை என்னைத் தவிர யாரும் திறக்கவில்லை. திறக்காத தாளை ஏன் கேட்கிறீர்கள் என்றதற்கு, "விதிமுறை சார்" என்று பதில் வந்தது. விதிமுறையாம்!

தோழி இன்னொன்றையும் கிளப்பக்கூடும்: "நிலவுகள் ஒன்றுக்கொன்று பூட்டிக்கொண்டு சுற்றினால்?" இதைக் கொஞ்சம் நிதானமாகவே சொல்கிறேன், ஏனென்றால் நிறையப் பேர் இதைப் பிடித்துக்கொண்டு தொங்குகிறார்கள். அப்படிப் பூட்டு உண்மையில் உண்டு. வியாழன் கோளின் நிலவான கனிமீடு ஒருமுறை சுற்றுவதற்குள், அதன் மற்ற நிலவுகளில் யூரோப்பா இரண்டு முறையும் ஐயோ (Io) நான்கு முறையும் சுற்றிவிடுகின்றன. அதனால் மூன்றும் அடிக்கடி வியாழனுக்கு ஒரே பக்கத்தில் வரிசையாக நிற்கும் என்று நினைப்பீர்கள். ஒருபோதும் நிற்காது. இரண்டு ஒரு பக்கம் சேரும்போது மூன்றாவது வேறெங்கோ இருக்கும், பூட்டின் அமைப்பே அப்படி. உங்கள் நிலவுகளுக்கு 28, 14 என்று வைத்தாலும் பூட்டு உங்களைக் கட்டிப்போடும். ஒருமுறை சேர்ந்து நிறைந்தால், பெரிய நிலவின் ஒவ்வொரு பௌர்ணமியும் இரட்டைப் பௌர்ணமி. ஒருமுறை தவறினால் யுகம் முடிந்தாலும் சேராது. முதலாவதில் திருவிழாவுக்கு மதிப்பில்லை, இரண்டாவதில் திருவிழாவே இல்லை. 33-உம் 14-உம் எவ்வளவோ மேல், தொடாதீர்கள்.

ஒன்றை மட்டும் சரிபார்த்துக்கொள்ளுங்கள்: 33, 14 என்பவை பௌர்ணமியிலிருந்து பௌர்ணமிக்கு எண்ணியவையா? வானத்து விண்மீனை வைத்து ஒரு சுற்று எண்ணினால் குறைவாக வரும். நம் நிலவுக்கே அந்தக் கணக்கில் 27.32 நாள்தான்.

நீங்கள் அனுப்பிய எட்டாம் அத்தியாயத்தில், சூரியன் மறையும் நேரம், பெரிய நிலவு முழுதாக எழுகிறது, அதன் தோளருகே சின்னது பிறையாக நிற்கிறது. இது நடக்காது. முழுநிலவு சூரியனுக்கு எதிர்ப்பக்கம், பிறை சூரியனுக்குப் பக்கத்தில். அந்தப் பிறையைப் பெயர்த்து மேற்கு அடிவானத்தில், சூரியன் இறங்கிய இடத்துக்குச் சற்று மேலே வையுங்கள். நாயகி திரும்பி நின்றுதான் அதைப் பார்க்க வேண்டியிருக்கும்.