எதிராளி இல்லாத தத்துவம்

கேள்வி: மாய உலகம் ஒன்றை வைத்து நாவல் எழுதி வருகிறேன். அந்த உலகத்தில் ஒருவர் இறந்தால் அவருடைய நிழல் மட்டும் இறந்த இடத்திலேயே நாற்பது நாள் தங்கும். அதை அடிப்படையாகக் கொண்டு 'நிழல்நெறி' என்ற தத்துவ மரபை உருவாக்கியிருக்கிறேன். ஆதிகுரு, முப்பது சூத்திரங்கள், ஏழு படிநிலைகள், குருமார் வரிசை, சின்னம் எல்லாம் தயார். 'உடல் பொய், நிழலே மெய்' என்பது மூல வாக்கியம். படித்துப் பார்த்த நண்பர்களோ, அந்த அத்தியாயங்களைப் புரட்டித் தள்ளிவிட்டுக் கதைக்குப் போய்விட்டதாகச் சொல்கிறார்கள். தத்துவம் என்றாலே வாசகருக்குக் கசக்குமா?

பதில்: கசக்காது. நீங்கள் இன்னும் தத்துவத்தை எழுதத் தொடங்கவில்லை, அதுதான் குறை. இதுவரை எழுதியிருப்பது ஒரு மடத்தின் நிர்வாக ஏற்பாடு. குரு இருக்கிறார், சீடர்கள் இருக்கிறார்கள், ஏறிப்போகப் படிகளும் இருக்கின்றன. "நீ சொல்வது தவறு" என்று எழுந்து நின்று சொல்ல ஓர் ஆள் இல்லை. கடிதத்தோடு நீங்கள் அனுப்பிய முப்பது சூத்திரங்களையும் இரண்டு முறை படித்தேன். 'ஒளியின்றி நிழல் இல்லை', 'அறிந்தவன் அமைதியடைகிறான்' என்றே போகின்றன. இவற்றை யார் மறுப்பார்கள்? மறுக்க ஒன்றுமில்லாத வாக்கியத்தை ஏற்பதற்கும் யாரும் மெனக்கெடப் போவதில்லை.

மணிமேகலையின் 27ஆம் காதையை எடுத்துப் பாருங்கள். 'சமயக்கணக்கர் தம் திறம் கேட்ட காதை' என்று பெயர். வஞ்சி நகரில் மணிமேகலை அளவைவாதி, ஆசீவகன், நிகண்டன், சாங்கியன் என்று வெவ்வேறு சமயவாதிகள் ஒவ்வொருவரிடமும் போய் அவரவர் கொள்கையைக் கேட்கிறாள். கடைசியில் பூதவாதி. தாதகிப் பூவையும் வெல்லக்கட்டியையும் மற்றவற்றோடு கூட்டினால் கள்ளின் களிப்புப் பிறப்பதுபோல, நிலம், நீர் முதலான பூதங்கள் கூடினால் உணர்வு பிறக்கும், பிரிந்தால் போய்விடும் என்கிறான். கண்ணால் கண்டதே சான்று, அனுமானம், அதாவது ஊகித்து அறிவது, செல்லாது என்பது அவன் கட்சி. அப்படியானால் உன் தாய் தந்தையரை அனுமானத்தால் அல்லாமல் வேறு எப்படி அறிந்தாய் என்று கேட்கிறாள் மணிமேகலை. அந்த ஒரு கேள்வியில்தான் பூதவாதம் வாசகன் மனத்தில் உயிர்பெறுகிறது. அவன் சொன்ன உவமையும் வலுவானது, அவளுடைய கேள்வியும் வலுவானது. இரண்டுக்கும் நடுவில் மாட்டிக்கொண்டு நாமே யோசிக்க ஆரம்பித்துவிடுகிறோம்.

மணிமேகலை சந்தித்தவர்களில் ஆசீவகரையும் சொல்ல வேண்டும். எல்லாம் நியதிப்படி நடக்கும், மனித முயற்சியால் ஒன்றும் மாறாது என்றார்கள். வீசிய நூலுருண்டை நூல் தீரும்வரை அவிழ்ந்துகொண்டே உருள்வதுபோல, மூடனும் அறிஞனும் பிறவிகளைச் சுற்றிமுடித்தே தீர வேண்டும் என்று அவர்களுடைய ஆசான் மற்கலி கோசாலர் போதித்ததாகப் பௌத்தர்களின் தீக நிகாயம் என்ற நூல் சொல்கிறது. அசோகர் பீகாரிலுள்ள பராபர் மலைக் குகைகளை இவர்களுக்குக் கொடையாகக் கொடுத்ததற்குக் கல்வெட்டே சாட்சி. ஆனால் இதே ஆசீவகர்கள் கடுந்தவம் செய்தவர்கள்! எல்லாம் முன்பே முடிவாகிவிட்டது என்றால் உடம்பை எதற்கு வாட்டுகிறாய்? அந்த மரபின் உயிர்நிலை இந்த முரணில்தான் இருக்கிறது. அவர்களுடைய சொந்த நூல்கள் நமக்குக் கிடைக்கவில்லை. தெரிந்ததில் பெரும்பகுதி எதிர்த்தரப்பார் எழுதிவைத்தது. பௌத்தக் காப்பியமான குண்டலகேசி சில பாடல்களாக மட்டுமே மிஞ்ச, அதை மறுக்க எழுந்த சமண நூலான நீலகேசி முழுநூலாக நம் கையில் இருக்கிறதே, அதே கதைதான். உங்கள் நிழல்நெறியை அதன் பகைவன் எழுதிய நூல் வழியாக மட்டுமே வாசகனுக்குக் காட்டினால் என்ன? இதைக் கட்டாயம் யோசியுங்கள்.

இனி உங்கள் உலகத்துக்கு வருகிறேன். இறந்தவரின் நிழல் நாற்பது நாள் தங்கும் என்பது அருமையான கற்பனை. அதன் அருமை உங்களுக்கே தெரியவில்லையோ என்றுதான் வருத்தம். நம் உலகத்தில் இறந்தபின் ஏதாவது மிஞ்சுமா என்பதே வழக்கு. உங்கள் ஊரில் அந்த வழக்கே எழாது. மிஞ்சுவதைத் தெருவில் போகிற குழந்தையும் பார்க்கிறது. அப்படியானால் அங்கே சண்டை வேறு இடத்தில் வெடிக்க வேண்டும். மிஞ்சிய நிழல் அதே ஆள்தானா? அவன் பட்ட கடனை அதனிடம் கேட்கலாமா? கொலையுண்டவனின் நிழல் நீதிமன்றத்தில் சாட்சியாகுமா? 'நெருப்பு அணைந்த பிறகும் அடுப்புக்கல் சுடும், அதற்காக அடுப்பு எரிகிறது என்பாயா?' என்று கேட்கிற ஒருத்தியை உங்கள் கதைக்குள் கொண்டுவாருங்கள். ஆதிகுரு அவளுக்குப் பதில் சொல்லியாக வேண்டும்.

அடுத்தது உச்சிவேளை. நிழலே மெய் என்றால், நடுப்பகலில் நிழல் காலடியில் சுருங்கும்போது மெய்யும் சுருங்குகிறதா? இரவில் எங்கே போகிறது? இந்தக் கேள்வியில் உங்கள் மரபு இரண்டாக உடையும், உடைய வேண்டும். இருட்டில் எல்லா நிழலும் ஒன்றாய்க் கலந்துவிடுகின்றன, ஆகவே இரவில் நானும் இல்லை நீயும் இல்லை என்று ஒரு சாரார் சொல்லட்டும். இரவில் நிழல் அழிகிறது, காலையில் பிறப்பது புதிய நிழல், புதிய ஆள் என்று மற்றவர்கள் சொல்லட்டும். இரண்டாவது கட்சிக்காரன் ஊரில் நேற்றிரவு ஒரு கொலை நடந்தால் யாரைத் தூக்கிலிடுவது? முதல் கட்சிக்காரன் ஊரில் இருட்டில் செய்துகொண்ட திருமணம் செல்லுமா? விளக்கேற்றி வைத்துக்கொண்டு உறங்குகிறவர்கள் யார், விளக்கை அணைப்பதையே விரதமாகக் கொண்டவர்கள் யார்? இதற்குமேல் படிநிலையும் சின்னமும் தேவையில்லை. ஒரு வீட்டில் விளக்கு எரிகிறதா இல்லையா என்பதைக் கொண்டே அந்த வீட்டார் எந்தக் கட்சி என்று வாசகன் கண்டுகொள்வான்.

சூத்திரங்களைக் குறைத்துவிடுங்கள். நான்கு போதும், அவற்றில் ஒன்றுக்கு இரண்டு விதமாகப் பொருள் கொள்ள இடமிருக்கட்டும். உரைகாரர்கள் அதை வைத்துத் தலைமுறை தலைமுறையாக மோதிக்கொள்வார்கள்.

ஒன்று மட்டும் கண்டிப்பாகச் செய்யுங்கள். எதிராளியை முட்டாளாக எழுதாதீர்கள். அடுப்புக்கல் உவமை சொன்ன அந்தப் பெண் ஓர் அத்தியாயத்திலாவது உண்மையாகவே வெல்ல வேண்டும். அன்று பிற்பகல் முழுவதும் ஆதிகுரு பதில் கிடைக்காமல் தன் நிழல் நீள்வதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கட்டும். அந்த அத்தியாயத்தை எழுதியதும் எனக்கு அனுப்புங்கள்.